திரும்பி வந்த செக்கும் பத்து நாள் கெடுவும்

செட்டிநாட்டுப் பக்கம் ஒரு விநோதம் உண்டு. ஊருக்குள் பேங்க் போர்டு தொங்குவதற்குப் பல காலம் முன்பே கடல் தாண்டிப் போய் கொடுக்கல் வாங்கல் நடத்திய ஊர்கள் இவை. ரங்கூன், பினாங்கு, கொழும்பு என்று வட்டிக்கடை வைத்து, உண்டியல் எழுதி, பணத்தை ஊர் விட்டு ஊர் நகர்த்தினார்கள். 1937 பிப்ரவரி 10-ம் தேதி இந்தியன் ஓவர்சீஸ் பேங்க் ஆரம்பித்தபோது ஒரே நாளில் மூன்று இடத்தில் கதவு திறந்தது. சென்னை, ரங்கூன், அப்புறம் நம்ம காரைக்குடி! எழுதிக் கொடுத்த தாளுக்குப் பணம் வராமல் போனால் அந்த ஆளோடு போகாது, கடையின் விலாசமே கெட்டுப் போகும் என்று பயந்த காலம் அது.

அதே வட்டாரத்தில் இன்றைக்கு செக் வேறு வேலை பார்க்கிறது. கடன் வாங்கப் போனால் புரோநோட்டில் ஒரு கையெழுத்து, கூடவே எதுவும் எழுதாமல் கையெழுத்து மட்டும் போட்ட செக் இரண்டு. "சும்மா ஒரு பிடிமானத்துக்குத்தாண்ணே, பீரோவுல கெடக்கும்" என்பார்கள். பணம் கொடுக்கும் தாளாக இருந்தது அடகுப் பொருளாகி விட்டது. நகையை அடகு வைத்தால் எத்தனை பவுன் என்று சீட்டிலாவது இருக்கும். வெத்துச் செக்கை வைத்தால், வைத்தது எவ்வளவு என்று வாங்கினவர்தான் பிற்பாடு எழுதிக்கொள்வார்.

நாச்சியாபுரத்தில் ஒருவர் இருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கற்பனை ஆள்தான், பெயர் வேண்டாம். ஆத்தங்குடிக் கல் பதிக்கும் வேலையை காண்ட்ராக்ட் எடுப்பவர். 2 லட்சம் கைமாற்று வாங்கி, மேலே சொன்னபடி இரண்டு செக் கொடுத்திருக்கிறார். மாதாமாதம் கையில் கொண்டுபோய்க் கொடுத்து ஒன்றரை லட்சம் வரை அடைத்தும் விட்டார். ரசீது? "நமக்குள்ள என்னண்ணே ரசீது"... ஒரு பெரிய வீட்டு வேலையில் பணம் முடங்கிப் போக, தவணை நிற்கிறது. திடீரென்று ஒரு நாள் பேங்கிலிருந்து மெசேஜ்: 5 லட்சத்துக்கு செக் வந்தது, கணக்கில் பணம் இல்லை, திருப்பி அனுப்பப்பட்டது. அப்புறம் வக்கீல் நோட்டீஸ். அப்புறம் சிவில் கோர்ட் சம்மன்.

இப்போது அவர் என்ன செய்ய வேண்டும்? அவருடைய வீடும் தொழிலும் இந்தக் கேள்வியில்தான் நிற்கிறது.

ஊரில் இலவசமாகக் கிடைக்கும் முதல் அறிவுரை, "நோட்டீசை வாங்காதீங்க, திருப்பி அனுப்பிடுங்க." இதை விட மோசமான யோசனை கிடையாது. சரியான முகவரிக்குப் பதிவுத் தபாலில் அனுப்பிய நோட்டீஸ், வாங்க மறுத்தாலும் போய்ச் சேர்ந்ததாகவே கணக்கு. அலவி ஹாஜி வழக்கில் 2007-லேயே சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவாக்கி விட்டது. நோட்டீசுக்குப் பதில் போடாமல் இருப்பதன் நிஜமான நஷ்டம் வேறு. அதைப் பின்னால் பார்க்கலாம்.

செக் திரும்பினால் எதிராளிக்கு இரண்டு வழி இருக்கிறது. ஒன்று எல்லோருக்கும் தெரிந்த 138. மாற்றுமுறை ஆவணச் சட்டம் 1881-ல் வந்தது. அதில் செக் பவுன்சைக் குற்றமாக்கும் பகுதியை 1988 திருத்தம் சேர்த்தது. 1989 ஏப்ரல் 1 முதல் அமல். அதற்கு முன் நூறு வருஷத்துக்கு மேல் வெறுமனே செக் திரும்பியதற்காக இந்தச் சட்டத்தில் யாரும் ஜெயிலுக்குப் போனதில்லை. இப்போது இரண்டு வருஷம் வரை சிறை, அல்லது செக் தொகையைப் போல இரண்டு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும். செக் திரும்பிய தகவல் கிடைத்து 30 நாளுக்குள் நோட்டீஸ், பணம் கட்ட 15 நாள், அதற்கு மேல் ஒரு மாதத்துக்குள் புகார் என்று அதற்குத் தனிக் கணக்கு.

இரண்டாவது வழி, சத்தமில்லாத வழி, பணம் கேட்டுப் போடும் சிவில் வழக்கு. பொதுவாக மூன்று வருஷத்துக்குள் போட வேண்டும். இரண்டு வழியிலும் ஒரே நேரத்தில் போகலாம், தடையில்லை. ஆனால் ஒரே பணத்தை இரண்டு தடவை வாங்க முடியாது. கிரிமினல் கேசில் கட்டிய நஷ்ட ஈட்டை சிவில் கணக்கில் கழிக்க வேண்டும் என்று 2008-ல் புருஷோத்தம ரெட்டி வழக்கில் தீர்ப்பு உண்டு.

நம் ஊரில் முக்கால்வாசிப் பேர் முதல் வழிக்குத்தான் ஓடினார்கள். ஜெயில் பயம் காட்டினால் பணம் தானாக வரும் என்ற எண்ணம் ஒரு காரணம். கோர்ட் கட்டணம் இன்னொன்று. தமிழ்நாட்டில் பண வழக்குக்குக் கேட்கும் தொகையில் ஏழரை சதவீதம் கட்ட வேண்டியிருந்தது. 2017-ல்தான் 3 சதவீதமாகக் குறைத்தார்கள். விளைவு? 2019 கடைசியில் நாடு முழுக்க நிலுவையில் இருந்த 2.31 கோடி கிரிமினல் வழக்குகளில் 35.16 லட்சம் இந்த 138 கேஸ்கள் என்று சுப்ரீம் கோர்ட்டே 2021-ல் குறிப்பிட்டது. ஒரு நாட்டின் மாஜிஸ்திரேட்டுகள் பாதி நேரம் வசூல் ஏஜென்ட் வேலை பார்க்கிறார்கள் என்று சொன்னால் கோபம் வரக்கூடாது.

சரி, விஷயத்துக்கு வருவோம். கிரிமினல் சம்மன் என்றால் பயந்துகொண்டாவது ஓடிப்போய் வக்கீலைப் பார்க்கிறார்கள். சிவில் சம்மன் வந்தால் "சிவில்தானே, பத்து வருஷம் இழுக்கும்" என்று அலமாரிக்கு மேல் வைத்து விடுகிறார்கள். இங்கேதான் பலர் வாதம் தொடங்குவதற்கு முன்பே தோற்கிறார்கள்.

ஏனென்றால் செக், புரோநோட்டு போன்ற தாளை வைத்துப் போடும் வழக்குக்கு சிவில் நடைமுறைச் சட்டத்தில் ஒரு குறுக்குப் பாதை இருக்கிறது. ஆர்டர் 37, சுருக்க வழக்கு. சாதாரண வழக்கில் பிரதிவாதிக்கு எதிர்வழக்குரை தாக்கல் செய்ய 30 நாள் கிடைக்கும், கோர்ட் மனது வைத்தால் 90 நாள் வரை நீளும். ஆர்டர் 37-ல் அந்தக் கதையே இல்லை. சம்மன் கையில் கிடைத்த 10 நாளுக்குள் கோர்ட்டில் ஆஜராகி, தன் முகவரியைப் பதிய வேண்டும். அப்படி ஆஜரானால் வாதி இன்னொரு சம்மன் அனுப்புவார், தீர்ப்புக்கான சம்மன். அது கிடைத்து மறுபடி 10 நாளுக்குள், "எனக்கு எதிர்வாதம் இருக்கிறது, வாதாட அனுமதி கொடுங்கள்" என்று பிரமாண வாக்குமூலத்தோடு மனுப் போட வேண்டும். முதல் பத்து நாளைக் கோட்டை விட்டால் வாதி சொன்னதெல்லாம் ஒப்புக்கொண்டதாக எடுத்துக்கொண்டு டிக்ரி கொடுத்து விடலாம். தன் வழக்கில் வாதாடவே அனுமதி கேட்க வேண்டுமா என்றால், ஆமாம், கேட்க வேண்டும்! தகுந்த காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கலாம், விசேஷ சூழ்நிலை இருந்தால் டிக்ரியை ரத்து செய்யவும் வழி உண்டு. ஆனால் "அலமாரி மேல வச்சு மறந்துட்டேன்" என்பது விசேஷ சூழ்நிலை ஆகாது.

அதனால் நாச்சியாபுரத்துக்காரர் முதலில் பார்க்க வேண்டியது சம்மனில் ஆர்டர் 37 என்று இருக்கிறதா, அது கைக்கு வந்த தேதி என்ன, இந்த இரண்டும்தான். மற்றதெல்லாம் அப்புறம்.

அடுத்தது, என்ன சொல்வது? சினிமா பார்த்துப் பழகிய நமக்கு உடனே தோன்றுவது, "அது என் கையெழுத்தே இல்லை." உண்மையிலேயே போலி என்றால் சொல்ல வேண்டியதுதான். தன் கையெழுத்தைத் தானே மறுத்தால் கதை அன்றோடு முடிந்தது. செக் திரும்பிய மெமோவில் பேங்க் "பணம் போதவில்லை" என்றுதான் எழுதியிருக்கும், "கையெழுத்து பொருந்தவில்லை" என்று இருக்காது. ஒரு பொய் மாட்டினால் மிச்சமுள்ள ஒன்பது உண்மையும் அடிபட்டுப் போகும்.

இரண்டாவது பிரபல வாதம்: "கையெழுத்து என்னுது, தொகையும் தேதியும் அவர் எழுதினது." இது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் இதை மட்டும் வைத்துத் தப்ப முடியாது. சட்டத்தின் 20-ம் பிரிவு, கையெழுத்துப் போட்டு நிரப்பாமல் கொடுத்த ஆவணத்தை நிரப்பிக்கொள்ள வாங்கினவருக்கு அதிகாரம் கொடுக்கிறது. 2019 பிப்ரவரியில் பீர் சிங் வழக்கில், நிரப்பாத செக்காக இருந்தாலும் ஏதோ ஒரு பணத்துக்காக மனமுவந்து கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தால் சட்ட அனுமானம் அதற்கும் உண்டு என்று சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. மையின் வயதைக் கண்டுபிடிக்கத் தடயவியல் ஆய்வுக்கு அனுப்பச் சொல்வதும் அப்படித்தான். அதற்கான அறிவியல் வசதி இல்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் 2010-லேயே சொல்லியிருக்கிறது. மனுப் போட்ட செலவுதான் மிச்சம்.

அனுமானம் என்றால் என்ன? 118-ம் பிரிவுப்படி, செக் என்று ஒன்று இருந்தால் அதற்குப் பின்னால் கொடுக்கல் வாங்கல் இருந்தது என்று கோர்ட் முதலில் நம்பிக்கொள்ளும். இல்லை என்று காட்டும் சுமை செக் கொடுத்தவர் தலையில். 138 கேசில் 139-ம் பிரிவும் சேர்ந்துகொண்டு, அது கடனை அடைக்கத்தான் கொடுக்கப்பட்டது என்று நம்பச் சொல்லும். நல்ல செய்தி, இந்த நம்பிக்கை உடைக்கக் கூடியது. சந்தேகத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டியதில்லை. "இப்படித்தான் நடந்திருக்கும்" என்று நியாயமாகத் தோன்ற வைத்தால் போதும். அப்படித் தோன்ற வைத்து விட்டால் சுமை மறுபடி வாதி பக்கம் போகும்.

எப்படி உடைகிறது, எப்படி உடையாமல் போகிறது என்பதற்கு கர்நாடகத்து வழக்குகள் இரண்டைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். இரண்டும் 138 கேஸ்கள்தான். ஆனால் அனுமானத்தை முறிக்கத் தேவையான அளவுகோல் சிவிலிலும் அதே மாதிரிதான். தற்செயலாக இரண்டிலும் ஒரு பஸ் கம்பெனி ஊழியர் வருகிறார்.

முதலாவது ரங்கப்பா வழக்கு, 2010 மே 7. செக் கொடுத்தவர் அரசு போக்குவரத்துக் கழகத்தில் மெக்கானிக். கேஸ் போட்டவர் அவர் கட்டிய வீட்டை மேற்பார்வை பார்த்த என்ஜினியர். தொகை வெறும் 45,000 ரூபாய். கையெழுத்துப் போட்ட வெத்துச் செக் தொலைந்து போனது, அதை எடுத்து நிரப்பிக்கொண்டார் என்பது மெக்கானிக்கின் வாதம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. கீழ்க் கோர்ட்டில் விடுதலை கூடக் கிடைத்தது. ஆனால் உயர் நீதிமன்றத்திலும் சுப்ரீம் கோர்ட்டிலும் தோற்றார். தோற்ற காரணங்களில் முக்கியமான ஒன்று, நோட்டீசுக்கு அவர் பதிலே போடவில்லை. செக் நிஜமாகவே தொலைந்திருந்தால், "அய்யா அது தொலைந்த செக்காச்சே" என்று அன்றைக்கே கத்தியிருக்க மாட்டாரா? நோட்டீசுக்குப் பதில் போடாததன் நஷ்டம் இதுதான். பிற்பாடு சொல்லும் உண்மை, பிற்பாடு தயாரித்த கதை மாதிரித் தெரியும்.

இரண்டாவது பசலிங்கப்பா வழக்கு, 2019 ஏப்ரல். இங்கே பஸ் கம்பெனிக்காரர் எதிர்ப்பக்கம், 1997-ல் ஓய்வு பெற்ற கண்டக்டர். 6 லட்சம் கடன் கொடுத்ததாகக் கேஸ் போட்டார். செக் கொடுத்தவர் சாட்சிக் கூண்டில் ஏறவே இல்லை. அவர் தரப்பு செய்தது ஒன்றே ஒன்று: "உங்களுக்கு ஏது இவ்வளவு பணம்?" என்று கேட்டது. ஓய்வூதியப் பலனாக வந்தது 8 லட்சம். ஆனால் சில வருஷத்துக்குள் நிலம் வாங்க அட்வான்ஸ், இன்னொருவருக்குக் கடன் என்று அவர் கொடுத்ததாகச் சொன்னதையெல்லாம் கூட்டினால் 18 லட்சம் வந்தது. மிச்சம் எங்கிருந்து வந்தது என்று விளக்கம் இல்லை. சுப்ரீம் கோர்ட் விடுதலை செய்தது.

ஆக, கையெழுத்தைப் பற்றிச் சண்டை போட்டவர் தோற்றார், கணக்கைப் பற்றிக் கேள்வி கேட்டவர் ஜெயித்தார். நாச்சியாபுரத்துக்காரரும் கேட்க வேண்டியது இதைத்தான். 5 லட்சம் எந்தத் தேதியில், எங்கே வைத்து, ரொக்கமாகவா பேங்க் வழியாகவா கொடுத்தீர்கள்? அந்தப் பணம் அதற்கு முன் எங்கே இருந்தது? வருமான வரிக் கணக்கில் காட்டினீர்களா? (கணக்கில் காட்டாத ஒரே காரணத்தால் கடன் செல்லாமல் போய்விடாது. ஆனால் கொடுத்தார் என்பதை நம்புவது கஷ்டமாகும்.) அப்புறம், உங்கள் நாள்வழியும் பேரேடும் எங்கே?

இந்தக் கடைசிக் கேள்வி செட்டிநாட்டுக்கு ரொம்பப் பொருத்தம். பிள்ளையார் சுழி போட்டு, பற்று ஒரு பக்கம் வரவு ஒரு பக்கம் என்று காலணா விடாமல் எழுதிய மண்ணில் இன்றைய கைமாற்றுக் கணக்கு ஒரு பாக்கெட் டைரியில் இருக்கிறது! சாட்சியச் சட்டம் இதற்குப் பதில் வைத்திருக்கிறது. தொழில் முறையில் ஒழுங்காக எழுதி வந்த கணக்குப் புத்தகம் சாட்சியமாகும், ஆனால் அதை மட்டும் வைத்து ஒருவர் தலையில் கடனைக் கட்ட முடியாது. பழைய சட்டத்தில் 34-ம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அமலில் உள்ள பாரதிய சாக்ஷ்ய சட்டத்தில் 28. ஜெயின் ஹவாலா வழக்கில் பெரிய பெரிய தலைவர்கள் பெயரெல்லாம் டைரியில் இருந்தும், 1998-ல் அது நிற்காமல் போனதற்கு இந்தப் பிரிவும் ஒரு காரணம். உதிரித் தாள் கணக்குப் புத்தகமே ஆகாது என்றது கோர்ட்.

ஆனால் இதே கத்தி நம் ஆளையும் வெட்டும். ஒன்றரை லட்சம் திருப்பிக் கொடுத்தேன் என்று சொன்னால் அதை நிரூபிக்கும் பொறுப்பு அவருடையது. ரசீது இல்லை. அப்படியானால் கொடுத்ததற்கு வேறு என்ன தடயம்? பேங்கில் பணம் எடுத்த தேதிகள், ஒன்றிரண்டு தடவை ஜிபேயில் அனுப்பியது, "இந்த மாசம் அஞ்சாந் தேதி தர்றேண்ணே" என்று போட்ட வாட்ஸப், அதற்கு எதிராளி போட்ட கட்டைவிரல். இதையெல்லாம் அச்செடுத்து நீட்டினால் போதாது. மின்னணுச் சாட்சியத்துக்கு உரிய சான்றிதழும் வேண்டும், புதிய சட்டத்தில் 63-ம் பிரிவு. போனை மாற்றுவதற்கு முன்னால் இதைச் செய்வது நல்லது.

கொடுத்த பணம் நிரூபணமானால் எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு 2022 அக்டோபர் தீர்ப்பு ஒன்று, தசரத்பாய் வழக்கு. 20 லட்சம் கடன், அதில் 4,09,315 ரூபாய் திரும்பக் கொடுத்தாயிற்று. அப்படியும் முழு 20 லட்சத்துக்கு செக்கைப் போட்டார்கள். பாதி அடைந்த கடனுக்கு முழுச் செக்கை, அடைத்ததைச் செக்கில் குறிக்காமல் போட்டால் 138 குற்றம் ஆகாது என்றது சுப்ரீம் கோர்ட். சிவில் வழக்கில் வழக்கே போய்விடாது, ஆனால் தொகை குறையும். அதற்கு மேல், முழுத்தொகை கேட்ட வாதியின் நேர்மை மீது விழும் அடி பெரிது.

எதிர்வழக்குரையில் இன்னொரு கவனம். "வாதியின் கூற்று முழுவதும் பொய்" என்று ஒரே வரியில் மொட்டையாக மறுத்தால் அது மறுப்பாகாது. ஒவ்வொன்றையும் தனித்தனியாக மறுக்க வேண்டும். மறுக்காமல் விட்டது ஒப்புக்கொண்டதாகும். அதைவிட முக்கியம் தன் பக்கத்துக் கதையை நேராகச் சொல்வது: இந்த வருஷம் 2 லட்சம் வாங்கினேன், இந்த வட்டி பேசினோம், இரண்டு செக்கின் நம்பர் இவை, இவ்வளவு கொடுத்தேன், இவ்வளவுதான் பாக்கி. வட்டி அநியாயமாக இருந்தால் 2003-ல் வந்த தமிழ்நாட்டுக் கந்துவட்டித் தடைச் சட்டம் இருக்கிறது. ஆனால் சம்மன் வந்த பிறகு முதல் தடவையாகப் போலீசுக்குப் போனால் அதற்கு மதிப்புக் குறைவு.

வாங்கியதை ஒப்புக்கொள்வதா என்று பயம் வரும். ஆர்டர் 37-ல் அனுமதி எப்படிக் கிடைக்கிறது என்று பார்த்தால் பயம் தெளியும். 2016-ல் ஹப்டவுன் வழக்கில் சுப்ரீம் கோர்ட் படிப்படியாக வகுத்திருக்கிறது. எதிர்வாதம் வலுவாக இருந்தால் நிபந்தனை இல்லாத அனுமதி. விசாரிக்க விஷயம் இருக்கிறது ஆனால் நேர்மை சந்தேகம் என்றால், பணத்தைக் கட்டிவிட்டு வாதாடு என்று நிபந்தனை. வெறும் கதை என்றால் அனுமதியே கிடையாது. ஒரு பகுதியை ஒப்புக்கொண்டால் அதைக் கட்டச் சொல்லி, மீதிக்கு வாதாட விடுவார்கள். 50,000 பாக்கியை ஒப்புக்கொண்டு நாலரை லட்சத்துக்குச் சண்டை போடும் ஆளை, மொத்தத்தையும் மறுக்கும் ஆளை விட நீதிபதி நம்புவார். மனித சுபாவமும் அதுதானே.

தோற்றே போனால்? டிக்ரி என்பது தாள்தான், வசூலுக்குத் தனியாக நிறைவேற்று மனுப் போட வேண்டும். வீடு, நிலம், பேங்க் கணக்கு ஜப்தியாகலாம். கடனுக்காக சிவில் சிறை என்ற ஒன்றும் சட்டத்தில் இருக்கிறது. ஆனால் கையில் இல்லாத ஏழையை, கொடுக்க முடியவில்லை என்பதற்காக மட்டும் அடைக்க முடியாது என்று 1980-ல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் எழுதினார். பண டிக்ரிக்காகப் பெண்களைக் கைது செய்யவே முடியாது. இதைத் தெரியாமல் "நாளைக்கு உங்க வீட்டம்மாவத் தூக்கிருவோம்" என்ற மிரட்டலுக்குப் பயந்து தாலியை விற்ற குடும்பங்கள் உண்டு.

நடுவில் எப்போது வேண்டுமானாலும் பேசி முடிக்கலாம். லோக் அதாலத்தில் முடிந்தால் வாதி கட்டிய கோர்ட் கட்டணம் திரும்பக் கிடைக்கும். கோர்ட்டுக்கு வெளியே தாங்களாகவே பேசி முடித்துக்கொண்டாலும் கிடைக்கும் என்று 2021-ல் நம் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கிலேயே சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. கோயில் வாசலில் பெரியவர்கள் முன்னால் பேசி முடிப்பது இந்த ஊர்களுக்குப் புதிதும் அல்ல. ஆனால் பேசி முடித்ததை எழுதி, கோர்ட்டில் பதிந்து, புரோநோட்டைக் கையோடு வாங்கிக் கிழிக்க வேண்டும்.

முக்கியமாக அந்த இரண்டாவது செக். வழக்கு ஒரு செக்குக்குத்தான் நடந்தது. நம்பர் மட்டும் தெரிந்த இன்னொன்று, தேதியும் தொகையும் இல்லாமல், இன்னும் அந்த பீரோவில்தான் இருக்கிறது.